வடக்கே சிவந்த வானம்

இரவு வானம் சிவந்தால் அது என்னவென்று எனக்கு யாரும் சொல்லித் தரத் தேவையில்லை. சண்டைக் காலத்தில் யாழ்ப்பாணத்தில் வளர்ந்தவன் நான். எரிவது வீடா, எண்ணெய்க் கிடங்கா என்று நிறத்தை வைத்தே சொல்வேன். ஒரே ஒரு தடவைதான் தவறினேன்.

பாரிஸின் லா சப்பல் பகுதியில் என் பலசரக்குக் கடையைப் பூட்டிவிட்டு, கார் து நோர் ரயில் நிலையத்துத் தண்டவாளங்களுக்கு மேலுள்ள பாலத்துக்கு வந்தேன். வடக்கே வானம் மங்கலாகச் சிவந்திருந்தது. அந்தத் திசையில்தான் விமான நிலையம். அங்கே என் மனைவி இரவு வேலையில் இருந்தாள். உடனே போன் எடுத்தேன்.

“எயார்போட் எரியுது! எல்லாத்தையும் போட்டிட்டு வெளியிலை ஓடு!”

“வெளியிலைதான் நிக்கிறன். ஒண்டும் எரியேல்லையப்பா,” என்று சிரித்தாள். “சூரியனிலை இருந்து வாற துகள் மேல்காத்திலை மோதிச் சிவக்குதாம். வட துருவத்திலை தெரியிற வெளிச்சம், இண்டைக்கு இஞ்சை வரைக்கும் வந்திருக்காம். போனிலை படம் எடுத்துப் பாருங்கோ, இன்னும் வடிவாத் தெரியும்.”

எடுத்தேன். கண்ணுக்கு மங்கலாக இருந்த வானம் திரையில் செம்பருத்தி நிறத்தில் விரிந்தது.

அவசரத்தில் எடுத்ததால் படம் கலங்கலாகத்தான் இருக்கிறது. ஆனாலும் அழிக்கவில்லை. வானம் சிவந்தபோது நான் ஓடாமல் நின்ற ஒரே இரவு அது.