முடிவெடுக்கச் சொன்ன தீர்ப்பு

தாலுகா ஆபீசில் குமாஸ்தாவாக இருந்த என் வீட்டுக்காரரை சஸ்பெண்டு செய்தபோது திருச்செங்கோட்டில் குடியிருந்தோம். ஒரு பட்டாக் கோப்பு அவர் மேஜையிலிருந்து காணாமல் போய்விட்டதாம். விசாரணை முடியும்வரை அரைச் சம்பளம். வேறு வேலை பார்க்கக் கூடாது, அனுமதியில்லாமல் ஊரைவிட்டு நகரக் கூடாது என்று உத்தரவு. விசாரணையோ தொடங்கவே இல்லை. ஜெயிலில் கிடப்பவனுக்காவது வெளியே வரும் நாள் தெரியும்.

ஆபீஸ் நேரத்துக்குக் குளித்து, சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, உள்ளறையிலேயே உட்கார்ந்திருப்பார். இரண்டே அறை வீட்டில் ஆண்பிள்ளை பகலெல்லாம் அப்படி உட்கார்ந்திருந்தால் எனக்கு மூச்சு முட்டாதா? பாத்திரம் கொஞ்சம் சத்தமாக விழுந்துவிட்டால் போதும், "என்னையத்தான் சாடை பேசறயா?" என்பார்.

பரமத்தி வேலூரிலிருந்து என் அண்ணன் வந்து, "ஏனுங்க மாப்பிள்ளை, இப்படியே உக்காந்து ஒடம்பக் கெடுத்துக்கறீங்க? நம்ம வெத்தலைக் கொடிக்கால வந்து பாத்துக்குங்க" என்றார்.

"வந்தா அதையும் ஒரு குத்தமா எழுதிப்புடுவாங்க மச்சான்."

மேலதிகாரிக்கு எழுதிய மனுக்களெல்லாம் கிணற்றில் போட்ட கல். கோர்ட்டுக்குப் போகலாம் என்று யாரோ சொன்னார்கள். சேலத்து வக்கீலைப் பார்க்க அனுமதி வேண்டி எழுதினார். அதற்கும் பதில் இல்லை. எனக்கு வந்ததே ஆத்திரம்! "உங்களைத்தானுங்க கட்டிப் போட்டிருக்காங்க, என்னையில்லையே" என்று காகிதங்களை எடுத்துக்கொண்டு நானே பஸ் ஏறினேன்.

வக்கீல் பொறுமையாகத்தான் சொன்னார். "குத்தம் செஞ்சாரா இல்லையான்னு கோர்ட்டு இப்பப் பாக்காதும்மா. இழுத்தடிக்காம ஒரு முடிவெடுங்கன்னு ஆபீசுக்கு உத்தரவு போடச் சொல்லிக் கேக்கலாம். மெட்ராஸ் ஹைகோர்ட்டுல ரிட் மனு போடணும்." உத்தரவு என்றதுமே என் மனசு நிறைந்துவிட்டது. மற்றதை எங்கே கேட்டேன்?

மறு வருஷம் நம் பக்கம் தீர்ப்பாகிவிட்டது என்று வக்கீல் கடிதம் போட்டார். கோர்ட்டு வைத்த கெடுவுக்குள் அதிகாரி முடிவெடுத்தாக வேண்டும். வேலையே திரும்பி வந்துவிட்ட மாதிரி, பருப்பும் வெல்லமும் வைத்து ஒப்புட்டு சுட்டுத் தெருவுக்கெல்லாம் கொடுத்தேன். அவர் தலை நிமிர்ந்து கடைவீதிக்குப் போய்வந்தார். பார்க்கப் பார்க்க எனக்கு அழுகை வந்தது.

கெடுவின் கடைசி நாளில் பியூன் உத்தரவைக் கொண்டுவந்தார். என் வீட்டுக்காரர் வாங்கிப் படித்துவிட்டு மடித்து வைத்தார். பிறகு, "யோசிச்சு முடிவு பண்ணிட்டாங்க புள்ள. சஸ்பென்ஷன் இன்னும் தொடரணுமாம்" என்றார்.

பாவிகள்! நான் மறுபடி சேலத்துக்கு ஓடினேன்.

"இதுவரைக்கும் எதுத்துக் கேக்க ஒண்ணுமே இல்லாம இருந்துச்சும்மா. இப்ப உத்தரவுன்னு ஒண்ணு வந்திருக்கு, இதை எதுத்துப் புதுசா வழக்குப் போடலாம்" என்றார் வக்கீல். அவரை நாலு வார்த்தை கேட்டுவிடலாமா என்றிருந்தது. ஆனால் அவர் சொன்னதில் தப்பில்லையே.

பஸ்ஸை விட்டு இறங்கியதும் அடுத்த வீட்டம்மா பிடித்துக்கொண்டாள். "ஏனுங்க, கேசு என்னாச்சுங்க?"

அத்தனை நாளும் யார் கேட்டாலும், "ஆபீசுல இன்னும் முடிவு பண்ணலீங்க" என்று சொல்லித் தப்பித்துக்கொண்டிருந்தேன். கோர்ட்டுவரை போய் ஜெயித்து, அந்த ஒரு பதிலையும் நாங்களே இல்லாமல் பண்ணிக்கொண்டோம்.