நான் எண்ணிப் பார்த்த ஒன்பது குட்டிகள்

யுத்தம் முடிந்த மறு வருஷம், மார்கழி மாதம். விலங்கியல் படித்துவிட்டு மதுரையில் ஒரு பேராசிரியரிடம் உதவியாளராகச் சேர்ந்திருந்தேன். யாரும் தொந்தரவு செய்யாதபோது ஊர்ப் பன்றிகள் எப்படி வாழ்கின்றன என்று பார்த்து எழுதுவது என் வேலை. பழங்காநத்தத்துக்குத் தெற்கே, கண்மாய்க்கரையில் பன்றி வளர்க்கும் ஓர் அக்காவிடம் அனுமதி கேட்டு, தினமும் காலையில் போய் உட்கார்ந்துவிடுவேன்.

முதல் நாளே அவர் சிரித்தார். "எம்புட்டுப் படிச்சும் கடைசியில பன்னி பின்னாடிதான் வந்திருக்கீக தாயி. நான் படிக்காமலே வந்துட்டேன்."

எதையும் கட்டம் போட்டு எழுதினால்தான் எனக்கு மனம் அடங்கும். எழும் நேரம், தீனி, சேற்றில் புரளும் நேரம், எது எதை முட்டியது, படுக்கும் இடத்திலிருந்து எத்தனை அடி தள்ளிப்போய் மலம் கழிக்கிறது. பன்றி தன் படுக்கையை அசுத்தம் செய்வதில்லை என்று எழுதியதை அக்காவுக்குப் படித்துக் காட்டினேன். "இதுக்கு நோட்டு வேறயா?" என்றார்.

அவரிடம் இருந்த ஐந்து பன்றிகளில் கருப்பிதான் அவருக்கு உயிர். தாயில்லாத குட்டியைக் கஞ்சி ஊற்றி வளர்த்தாராம். முதல் ஈற்று நெருங்கியதும் அது கூட்டத்தை விட்டு விலகி, கரையோரக் கோரைக்குள் வாயால் புல் கவ்விக்கொண்டுபோய்க் கூடு கட்டியது. ஒரு காலை முழுவதும் அதையே எழுதினேன்.

"அந்தப் பக்கம் போயிராதீக தாயி" என்றார் அக்கா. "வளக்குற நாங்களே பத்து நாளைக்கு எட்டிப் பாக்க மாட்டோம். அதுவாக் குட்டிகளக் கூட்டிக்கிட்டு வரும்."

எட்டவே இருந்தேன். ஆனால் குட்டிகளின் எண்ணிக்கை, ஆண், பெண் என்ற மூன்று கட்டங்கள் காலியாகக் கிடந்தன. குட்டி போட்ட நான்காம் நாள் கருப்பி தண்ணீர் குடிக்க இறங்கியபோது கோரைக்குள் நுழைந்து, புல்லை விலக்கி எண்ணினேன். ஒன்பது. ஆணா பெண்ணா என்று பார்க்க ஒன்றைத் தூக்கியதும் அது வீறிட்டது. கருப்பி கரையேறி ஓடி வந்தது. குட்டியைப் போட்டுவிட்டு ஓடிப்போய்ப் பனைமரத்துக்குப் பின்னால் நின்றேன். கோரை வெகுநேரம் ஆடியது. கூச்சல் கேட்டது, பிறகு கேட்கவில்லை. எண்ணிக்கைக் கட்டத்தில் ஒன்பது என்று எழுதிவிட்டு வீட்டுக்குப் போய்விட்டேன்.

மறுநாள் காலை, காக்கைகள் கூடியதைக் கண்டு அக்காவே உள்ளே போயிருக்கிறார். ஒன்றுகூட மிஞ்சவில்லை. மிதிபட்டவை சில, கடிபட்டவை சில. இரண்டைக் கருப்பி பாதி தின்றிருந்தது.

"குட்டி தின்ன பன்னி அடுத்த ஈத்தையும் திங்கும். வச்சு என்ன செய்ய? அறுக்கக் குடுத்துருவோம்" என்றார் அவர் கணவர்.

அக்கா என்னிடம் வந்தார். "நீங்க படிச்சவுக, பக்கத்துலயே இருந்து பாத்தவுக. எதுக்குத் தாயி இப்படிச் செஞ்சா? நாய் போச்சா, ஆள் போச்சா? ஆள் கை பட்டிருந்தா அது இவ குத்தமில்ல. இந்த மனுசன் கையில கால்ல விழுந்தாச்சும் நிப்பாட்டிருவேன்."

அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னேன், "தெரியலக்கா."

நான்கு காலையும் கட்டிக் கம்பில் கோத்துக் கருப்பியைத் தூக்கிப் போனார்கள். அது கத்திக்கொண்டே போனது. அக்கா கூடவே கொஞ்ச தூரம் நடந்துவிட்டுத் திரும்பினார். "நீங்க சாப்பிட்டீகளா?" என்று கேட்டார்.

அன்றைய பக்கத்தில், காரணம் என்ற இடத்தில் 'தெரியவில்லை' என்று எழுதினேன். பேராசிரியர் அதைப் படித்துவிட்டு, ஊகம் எதுவும் கலக்காமல் எழுதியிருப்பதாகப் பாராட்டினார். நான் அந்தக் கரைக்கு அதன்பின் போகவில்லை. வேறு இடத்தில் அணில்களைப் பார்த்து எழுதும் வேலையைக் கேட்டு வாங்கிக்கொண்டேன்.

எங்கள் படிப்பில் 'தெரியவில்லை' என்பதுதான் நேர்மையான சொல் என்று சொல்லிக் கொடுப்பார்கள்; இன்று உண்மையாகவே ஒன்று தெரியாமல் அதை எழுதும்போதும், பொய் சொல்வது போலத்தான் எனக்குக் கை கூசுகிறது.