முதுகு மட்டும் தெரிந்த மாப்பிள்ளை

வசந்தமணி இறந்துபோன செய்தி வந்தபோது நான் போளூரில் என் கடையில் ஒரு கல்யாணப் பத்திரிகைக்கு ப்ரூஃப் பார்த்துக்கொண்டிருந்தேன். பேசியவர் மலைமேல் நெல்லிவாசல்நாட்டில் ஜீப் ஓட்டும் சின்னதம்பி. "சார், அக்கா போய்ட்டாங்க. காலையில நெஞ்ச அடைக்குதுன்னாங்க. ஒடுகத்தூருக்கு எறக்கிக்கினு வந்தேன், பாதி வழியிலயே முடிஞ்சிடுச்சி" என்றார். ப்ரூஃபை ஓரமாகத் தள்ளி வைத்தேன். அவரே தொடர்ந்தார்: "திருப்பி மேலயே கொண்டாந்துட்டோம். நீங்க வந்தப்புறந்தான் எடுக்கணும்னு ஊர்க் கவுண்டர் சொல்லிட்டாரு. கட்டினவரு நீங்கதானே சார்."

பக்கத்து நாற்காலியில் என் மனைவி சுமதி லேமினேஷன் போட்டுக்கொண்டிருந்தாள். போன் ஸ்பீக்கரில் இருந்தது. அவள் மெஷினை அணைத்துவிட்டு, "கடைய சாத்துங்க, நானும் வர்றேன்" என்றாள்.

ஒன்பது வருடத்துக்கு முன் அந்த மலையில் எடுத்த சினிமாவில் வேலை செய்த நண்பர்களுக்காகத்தான் முக்கியமாக இதை எழுதுகிறேன். நீங்கள் வசந்தமணியைச் சில நாட்கள்தான் பார்த்தீர்கள். அவர் மலையிலேயே தங்கிவிட்டார் என்பது தெரியும். ஏன் தங்கினார், எப்படித் தங்கினார் என்று கேட்டபோதெல்லாம் நான் மழுப்பினேன். ஒன்பது வருடம் மழுப்பியாகிவிட்டது. இனி யாருக்காக மழுப்புவது?

படத்துக்குப் பெயர்கூட வைக்கவில்லை. கிளாப் பலகையில் 'புரொடக்‌ஷன் நம்பர் ஒன்று' என்றுதான் இருந்தது. கதை உங்களுக்கு நினைவிருக்கும். காதலிக்கிற இரண்டு ஏமாற்றுப் பேர்வழிகள். ஊர் ஊராகப் போய், வீட்டுக்குத் தெரியாமல் ஓடிவந்த ஜோடி என்று சொல்லி அழுவார்கள். ஊரே கூடிக் கல்யாணம் செய்து வைக்கும். மொய்யைச் சுருட்டிக்கொண்டு விடியுமுன் கம்பி நீட்டிவிடுவார்கள். கடைசியாக ஒரு மலைக்கிராமத்தில் மழையில் பாதை அடைபட்டு, ஓட வழியில்லாமல், நடித்த கல்யாணத்தையே வாழ்ந்து தொலைக்க வேண்டி வரும். சிரிப்புப் படம்தான். எங்கள் பக்கத்துப் பேச்சு வேண்டும் என்று சென்னையிலிருந்து வந்த டைரக்டர் என்னை வசனம் எழுதக் கூட்டிப்போனார். கதாநாயகி வசந்தமணி. சீரியல்களில் தங்கை, தோழி என்று வந்துபோனவருக்கு அதுதான் முதல் பெரிய வேடம்.

கல்யாணக் காட்சி எடுக்கிற அன்று கதாநாயகன் ஒடுகத்தூர் லாட்ஜில் காய்ச்சலில் படுத்துவிட்டார். டைரக்டர் என்னை மேலும் கீழும் பார்த்தார். உடம்பு வாகு ஒத்துவந்தது. "முதுகு மட்டும்தான் சார், முகம் வராது" என்று பட்டு வேட்டியைக் கையில் கொடுத்தார். அடுத்த இடி ஆர்ட் டிபார்ட்மெண்டிலிருந்து வந்தது. தாலி இருந்த டப்பாவைப் போளூரிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார்கள். கூட்டத்தில் நிற்க வந்திருந்த ஊர்ப் பெண்களில் ஒருவர் எங்கள் தவிப்பைப் பார்த்துவிட்டுக் கோயிலுக்குள் போனார். அம்மன் காலடியில் இருந்த மஞ்சள் கயிறு ஒன்றை எடுத்துவந்து கொடுத்தார். நாங்கள் கையெடுத்துக் கும்பிட்டு வாங்கிக்கொண்டோம். என்ன வாங்குகிறோம் என்று ஒருவருக்கும் உறைக்கவில்லை. சினிமாக்காரர்களுக்கு அன்றைய ஷாட் முடிந்தால் போதும்.

ஏழு டேக். ஒன்றில் எனக்கு முடிச்சு விழவில்லை, ஒன்றில் மேகம் மறைத்தது, ஒன்றில் ஆடு குறுக்கே வந்தது. ஒவ்வொரு தடவையும் கயிற்றை அவிழ்த்துத் திரும்பக் கட்டினேன். ஒவ்வொரு தடவையும் ஊர் மனதார அட்சதை போட்டது. கேமராவுக்குத்தான் என் முதுகு. ஊர் எதிர்ப்பக்கம் நின்றது. நான்காவது டேக்கில் வசந்தமணி தலை குனிந்தபடியே, "சார், கெட்டியா கட்டுங்க. வசனம் எழுதற கைன்னு தெரியுது" என்றார். சிரித்துவிட்டேன். அந்த டேக்கும் போனது.

மத்தியானம் ஊருக்கே சாப்பாடு போட்டோம். அப்போது பிடித்த மழைதான். கொண்டை ஊசி வளைவில் பாறை சரிந்து பாதை போனது. நாம் எல்லோரும் பள்ளிக்கூடக் கட்டிடத்தில் அடைந்து கிடந்தது நினைவிருக்கிறதா? போனில் சிக்னல் கிடைக்கும் என்று கோணிப்பையைத் தலையில் போட்டுக்கொண்டு பாறைமேல் ஏறி நிற்போம். ரோடு எப்போது திறக்கும் என்பதைத் தவிர வேறு பேச்சில்லை. வசந்தமணி மட்டும் ஒரு தடவைகூடப் பாறை ஏறவில்லை. ஏன் என்று கேட்டேன்.

"அல்லாரும் ரோடு எப்ப தொறக்கும்னு கேக்கறீங்க. எனக்கு அது தொறக்கவே கூடாதுங்க" என்றார். கணவர்தான் அவருக்கு மேனேஜர். இவர் போனும் கணவர் கையில். ஷூட்டிங் இல்லாத நாட்களில் இவரை உள்ளே வைத்து வெளியே பூட்டிக்கொண்டு போய்விடுவாராம். "கால்ஷீட் இருந்தாத்தான் வூட்டுக் கதவு தொறக்கும். அதுக்கோசரமே எந்த வேஷம் வந்தாலும் ஒத்துக்குவேன். பொணமா படுக்கணும்னாங்க ஒரு தடவ, அதுக்கும் ஓடினேன்." இதையும் சிரித்தபடிதான் சொன்னார். ஊருக்கெல்லாம் வசனம் எழுதுகிற நான் அன்றைக்கு டீ ஆறுகிறது என்று சொன்னேன். அதற்காக இன்றும் வெட்கப்படுகிறேன்.

நான்காம் நாள் கணவர் வந்துவிட்டார். சரிவுக்குக் கீழே காரை நிறுத்திவிட்டு நடந்தே ஏறி வந்திருந்தார். கோயில் வாசலில் நின்று, "கெளம்பு" என்றார், ஒரே வார்த்தை. வசந்தமணி நகரவில்லை. கணவர் அவர் கையைப் பிடித்து இழுத்ததும் ஊர் கூடிவிட்டது. ஊருக்குத் தலைவரான கவுண்டர் வந்தார்.

"யாரும்மா இந்த ஆளு?"

"எங்க மேனேஜர்ங்க" என்றார் வசந்தமணி. பாதி உண்மை.

"அவ என் பொண்டாட்டி, பெரியவரே!"

கவுண்டர் என் பக்கம் திரும்பினார். "அப்ப நீ யாரு, தம்பி?"

வசந்தமணி என்னைப் பார்த்தார். கெஞ்சவில்லை. எதிரில் நடிப்பவர் வசனத்தை மறந்துவிட்டால் எடுத்துக்கொடுக்கிற பார்வை அது. சுமதி முகம் வந்துபோனது. படத்துக்காக நானே எழுதிய வசனம்தான் வாயில் வந்தது. "நான் இவங்க வூட்டுக்காரருங்க."

கணவர் கத்தினார். செல்போனில் கல்யாண போட்டோவைக் காட்டினார். கவுண்டர் அதை வாங்கித் தள்ளிப் பிடித்துப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். "போட்டோவுல ஒரு தடவ கட்டியிருக்க. இவரு எங்க அம்மன் கயித்த, ஊரு பாக்க, ஏழு தடவ கட்டினாரு. நீ எறங்குப்பா." சுற்றி நின்றவர்கள் சிரிக்கவில்லை. கணவர் இறங்கிப் போனார்.

நான் கோயில் படியில் உட்கார்ந்துவிட்டேன். வசந்தமணி வந்து, "உங்களுக்கு நடிப்பு வரல சார். ஆனா பயம் நல்லா வந்துச்சி. அதான் நம்பிட்டாங்க" என்றார். உண்மையைச் சொல்லிவிட்டுப் போகிறேன் என்றேன். "பொய் சொல்லிட்டா பாதியில எறங்கக் கூடாதுங்க. ஊர் வர்ற வரைக்கும் ஒக்காந்திருக்கணும்" என்றார். கவுண்டர் போட்ட ஏற்பாடு இன்னும் மோசம். அந்தப் பெண் மலையில் இருக்கட்டும், நாங்கள் பார்த்துக்கொள்கிறோம். ஆனால் கட்டினவன் வருடம் ஒரு தடவையாவது வந்து, ஆடித் திருவிழாவில் அவள் பக்கத்தில் நிற்க வேண்டும். இல்லாவிட்டால் அந்த ஆள் மறுபடி வந்து கேட்டால் நாங்கள் என்ன பதில் சொல்வது? நியாயமான கேள்விதான். தலையாட்டினேன்.

படம் அத்தோடு நின்றது. என் வேடம் நிற்கவில்லை. சுமதியிடம் எல்லாவற்றையும் ஒப்பித்தேன். நான்காம் நாள், "அந்தப் பொண்ணு மறுபடி பூட்டின வூட்டுக்குப் போவக் கூடாது. போய் நில்லுங்க. நின்னுட்டு வந்துடுங்க" என்றாள். அந்தக் கடைசி வாக்கியத்தை அழுத்திச் சொன்னாள்.

வருடா வருடம் ஆடி பிறந்தால் மலை ஏறுவேன். ஜீப்பில் போளூர்க்காரர் யாராவது ஏறிவிடுவார்களோ என்று தலையில் துண்டைப் போட்டுக்கொள்வேன். மலையிலிருந்து சந்தைக்கு வருகிறவர்கள் ஜெராக்ஸ் எடுக்க என் கடைக்கு வந்து, வாடிக்கையாளர்கள் முன்னால் "அக்கா உங்கள கேட்டாங்க மாமா" என்பார்கள். இந்தப் பக்கம் ஒரு வீடு, அந்தப் பக்கம் ஒரு பொய். நடுவில் நான் எலிப்பொறியில் அகப்பட்ட மாதிரி இருந்தேன். சொன்னால் அவர் கதி என்ன, சொல்லாவிட்டால் என் கதி என்ன?

வசந்தமணிக்கு அந்தக் கவலையே இல்லை. பெண்கள் குழுவில் சேர்ந்து சாமையும் புளியும் தரம் பிரித்தார். யாருக்கு எந்த அலுவலகத்தில் காரியம் ஆகவேண்டுமானாலும் இவர்தான் முன்னால் போவார். ஒரு சமயம் பஸ், பாதை சரியில்லை என்று ஊருக்கு முன்பே திரும்பிவிடத் தொடங்கியது. இவர் சேலைக்குள் தலையணையைக் கட்டிக்கொண்டு ஒடுகத்தூரில் ஏறினார். திரும்புகிற இடம் வந்ததும் முனகினார். டிரைவர் அலறியடித்துக்கொண்டு ஊர் வரைக்கும் ஓட்டிவந்தார். மறுநாளும் அதே வயிறு, அதே முனகல். மூன்றாம் நாள் டிரைவர், "இன்னாம்மா, இன்னும் பொறக்கலியா?" என்றாராம். "பஸ்சு ஒழுங்கா வந்தா பொறந்துடும்ணே" என்றாராம் இவர். அவர் சிரித்துவிட்டார். ஊரில் இறக்கி டீயும் பணியாரமும் கொடுத்துப் பழக்கிவிட்டார்கள். பஸ் வந்துகொண்டிருந்தது. அந்த ஆடிக்கு நான் போனபோது கண்டக்டர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

ஐந்தாவது வருடம் நான் பொறுக்கமாட்டாமல் கேட்டேன். கோழி அடித்துக் குழம்பு வைத்திருந்தார். சாப்பிட்டுக்கொண்டே, "இன்னும் எவ்வளவு நாளைக்குங்க? கவுண்டர்கிட்ட சொல்லிடலாமா?" என்றேன். பரிமாறுவதை நிறுத்தாமல், "அந்த ஆளு இன்னும் விசாரிச்சிக்கினுதான் கீறானாம்" என்றார். அதற்குப் பிறகு நான்கு ஆடிகள் போய் நின்றேன்.

இப்போது கடைசியாகப் போனபோது பக்கத்தில் சுமதி. வழியெல்லாம் எனக்கு ஒரே யோசனை. என்னை உட்காரவைத்துச் செய்யவேண்டியதையெல்லாம் செய்யச் சொல்வார்கள். செத்தவர் முன்னாலுமா நடிப்பது? அதுவும் கட்டிய மனைவியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு? ஜீப் நின்றதும் நேராகக் கவுண்டரிடம் போனேன். ரொம்பத் தளர்ந்திருந்தார். குரலைத் தாழ்த்தக்கூட இல்லை. "நான் அவங்க புருஷன் இல்லிங்க. அன்னிக்கி சொன்னது பொய். இதோ, இவதான் என் சம்சாரம்."

கவுண்டர் சுமதியைப் பார்த்துக் கும்பிட்டார். பிறகு என்னிடம், "தெரியும் சார்" என்றார். "எங்களுக்கு சினிமான்னா தெரியாதா? அந்தப் பொண்ணு கைய அவன் புடிச்ச புடியப் பாத்தேன். அனுப்ப மனசு வரல. ஒரு சாக்கு வேணும். நீங்க கெடச்சீங்க."

"அப்புறம் ஏன் என்னை வருஷா வருஷம் வரச்சொன்னீங்க?"

"மொத ரெண்டு வருஷம் அவனுக்குப் பயந்து. மூணாம் வருஷம் அவன் வேற ஒருத்தியக் கட்டிக்கினான்னு சேதி வந்துச்சி. சார்கிட்ட சொல்லி அனுப்பறேன்னேன். அந்தப் பொண்ணுதான் வேணாம்னுச்சி. சொல்லிட்டா அவரு வரமாட்டாருப்பான்னுச்சி. இவ்ளோதான் சார். நாங்களும் வாய மூடிக்கினோம்."

ஒரு ஊரே சேர்ந்து ஆறு வருடம் என்னை ஏமாற்றியிருக்கிறது. என்னைப் பிடித்து வைத்திருக்கிறது என்று நான் நினைத்திருந்த கதவு சும்மா சாத்தியிருந்தது. போகலாம் என்று இப்போது சொல்லிவிட்டார்கள். அங்கேயே நின்று அழுதேன். சுமதி என் சட்டையைக் கழற்றி வாங்கி மடித்துக் கையில் வைத்துக்கொண்டாள். "போய் செய்யவேண்டியத செய்ங்க. அந்தப் பொண்ணு காத்துக்கினு கீது" என்றாள். யாரும் என்னை உட்காரவைக்கவில்லை. நானாகப் போய் உட்கார்ந்தேன். முதல் கை மண்ணை நான் போட்டேன். இரண்டாவது கை மண்ணைச் சுமதி போட்டாள்.

அவருக்கு என்மேல் பிரியம் இருந்தது. எனக்கும் இருந்திருக்கிறது. நான் எழுதுவதை முதலில் படிப்பவள் சுமதிதான். அவளுக்குத் தெரியாத எதையும் இங்கே சொல்லிவிடவில்லை என்று நினைக்கிறேன்.

வசந்தமணியிடமிருந்து எனக்கு மிஞ்சியது 'அந்த ஆளு இன்னும் விசாரிச்சிக்கினுதான் கீறானாம்' என்று அவர் என்னிடம் சொன்ன அந்த ஒரு பொய்தான். அதைத் திரும்பத் திரும்ப எடுத்துப் பார்க்கிறேன். உண்மை தெரிந்திருந்தால் நான் மலை ஏறியிருக்கமாட்டேன். அப்பாடா என்று கடையைப் பார்த்துக்கொண்டு இருந்திருப்பேன். நான் அப்படிப்பட்ட ஆள் என்று அவருக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தும் ஒவ்வொரு ஆடியும் உலையை வைத்துவிட்டு, ஜீப் சத்தம் கேட்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்.