சாவு வீட்டில் வழுக்கை சாலட்

எதிர்வீட்டு சோலிங்கின் புருஷன் லெட்டோவின் சவப்பெட்டி அவர்கள் முன்னறையில் இருந்த ஏழாம் நாள். எங்கள் வழக்கப்படி ஒரு வாரம் வைத்திருந்து, மறுநாள் காலையில் அடக்கம். பத்தரை மணி இருக்கும், சோலிங் என்னைப் பின்கட்டுக்குக் கூப்பிட்டு, "இருபது இளநீர்க்காய் வேணும், ஆள் அனுப்பு" என்றாள். அவளுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்றுதான் முதலில் நினைத்தேன். இளநீர் வழுக்கையைச் சுரண்டி, பழமும் க்ரீமும் டின்பாலும் சேர்த்து, ஜில்லென்று உறைய வைக்கிற அந்த சாலட் எங்கள் தியாவோங் ஊரில் கிறிஸ்துமஸுக்கும் ஞானஸ்நானத்துக்கும் திருவிழாவுக்கும் செய்கிற பண்டம். சாவு வீட்டுக்கு வந்தவர்களுக்குக் காப்பி, பிஸ்கட், கூடிப்போனால் கோழிக்கஞ்சி கொடுப்போம்.

"என்ன மரே, இங்க கல்யாணமா நடக்குது?" என்றேன்.

"ரோடெல் வந்திருக்கான்," என்றாள்.

ரோடெல் அவளுடைய ஒரே பிள்ளை. அவனுக்கு அவள் தாய், நான் ஞானத்தாய். அந்த உறவில்தான் நாங்கள் ஒருவரையொருவர் மரே என்று கூப்பிடுகிறோம். எதிரெதிர் வீட்டில் நாற்பது வருஷமாக இருக்கிறோம். சோலிங்கைப் போல ஒரு பெண்ணை நான் பார்த்ததில்லை. இதைப் பாராட்டாகச் சொல்கிறேன் என்று யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம், பல நாள் அவளைப் பிடித்து உலுக்கலாம் போல எனக்கு ஆத்திரம் வந்திருக்கிறது. வாயில் விரலை வைத்தால்கூடக் கடிக்கத் தெரியாது. ஊரிலுள்ள பள்ளிப் பிள்ளைகளில் பாதிப் பேருக்கு அவள்தான் சீருடை தைத்தாள். தையல் மிஷினை விட்டு எழுந்தால் சமையல், சமையல் முடிந்தால் மிஷின். மஞ்சள் திரை போட ஆசைப்பட்டாள், லெட்டோ பழுப்புத் துணி வாங்கி வந்தார், அதையும் அவளே தைத்து மாட்டினாள். லெட்டோ கெட்டவர் இல்லை. புனித வெள்ளி ஊர்வலத்தில் சொரூபத் தேர் இழுக்கும் கூட்டத்துக்கு முப்பது வருஷம் தலைவராக இருந்தார். மூக்குக்கு மேல் கோபம், அவ்வளவுதான். அவர் கிழித்த கோட்டை அவள் தாண்டியதில்லை.

ஒன்பது வருஷத்துக்கு முன்னால் ரோடெல் தாயேத் ஊர்ப் பெண்ணைக் கட்டிக்கொண்டு, அவளுடைய சபையில் சேர்ந்தான். அங்கே சொரூபமும் கிடையாது, செத்தவர்களுக்காக ஜெபமாலையும் கிடையாது. அப்பாவிடம் நேரில் சொல்ல வேண்டும் என்று வந்தான். லெட்டோ அவன் பையை மழையில் தூக்கிப் போட்டார். "இந்த வாசலை மிதிக்காதே" என்று அவர் கத்தியது என் வீடு வரை கேட்டது. உண்மையைச் சொல்லிவிடுகிறேன், அன்றைக்கு எனக்கு உள்ளூரத் திருப்தியாக இருந்தது. ஞானஸ்நானத் தொட்டியில் அவனைக் கையில் ஏந்தியவள் நான். அதை அவன் துச்சமாக நினைத்துவிட்டான் என்று எனக்கும் எரிந்தது. இப்போது அதை நினைத்தால் வெட்கமாக இருக்கிறது. சோலிங் அன்றைக்கு மிஷின் முன்னால் உட்கார்ந்திருந்தாள். எழுந்திருக்கவில்லை. அவன் பையைப் பொறுக்கிக்கொண்டு போனான். அதன்பிறகு அவன் பேச்சை அவள் என்னிடம்கூட எடுத்ததில்லை.

அந்த ரோடெல்தான் காலையில் வந்து அப்பாவின் முகத்தைப் பார்த்தான். ஜெபமாலை சொல்கிற ஒனோரா அக்கா மணியை உருட்ட ஆரம்பித்ததும் வெளியே போய், தார்ப்பாய்க்கு அடியில் சீட்டாடுகிறவர்களோடு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டான். பெற்ற தகப்பனின் சாவுக்கு வந்தவன் மூன்றாம் மனிதனாக உட்கார்ந்திருந்தான்.

"மூணு மணி பஸ்ஸுக்குக் கிளம்பறேம்மா," என்று அவன் ஏற்கெனவே சொல்லிவிட்டிருந்தான். "நாளைக்குப் பூசை, மந்திரிப்பு எல்லாம் இருக்கும். நான் நின்னா யாருக்கும் நல்லா இருக்காது. முகத்தப் பாத்துட்டேன், போதும்."

சோலிங் அதற்குத் தலையை மட்டும் ஆட்டினாள். பிறகுதான் என்னைக் கூப்பிட்டு இளநீர் கேட்டது.

காய் வந்து இறங்கியதும் அவனைக் கூப்பிட்டாள். "அரிவாள் பிடிக்க எனக்கு இப்பக் கை வராதுப்பா. வெட்டிக் குடுத்துட்டுப் போ."

அவன் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு வெட்டினான். எனக்கு வாய் சும்மா இருக்குமா?

"ஏண்டா, உங்க சபையில இளநீர் வெட்டலாமா? இல்ல அதுக்கும் தடையா?"

"வெட்டலாம் நினாங். உங்க நாக்கைத்தான் வெட்டக்கூடாதுன்னு சொல்லியிருக்காங்க," என்றான். ஒன்பது வருஷம் கழித்து ஞானத்தாயை அழைக்கிற அந்தச் சொல் அவன் வாயிலிருந்து வந்ததும் அடுத்த காயை நானே எடுத்து அவன் கையில் கொடுத்தேன்.

சாலட்டுக்கு வழுக்கை சோற்றுப் பதத்தில் இருக்க வேண்டும். சளிப் பதத்தில் இருந்தால் க்ரீமோடு கரைந்துவிடும், தோல் பதத்துக்கு முற்றினால் பல்லுக்கு இடுக்கில் கிடக்கும். சோலிங் காயைச் சுண்டிப் பார்த்தே பதம் சொல்லிவிடுவாள். அன்றைக்கு ஒவ்வொரு காயாகப் பிளக்கச் சொல்லி, விரலால் அழுத்திப் பார்த்து, ஏழு காயை வேண்டாம் என்று ஒதுக்கினாள். எனக்கு அவை எல்லாமே சரியாகத்தான் தெரிந்தன. இன்னும் பத்துக் காய் கொண்டுவரச் சொன்னாள். அதற்குள் பதினொன்றரை ஆகிவிட்டது.

பழக்கலவை டின்களைத் திறந்து வடிதட்டில் கொட்டினாள். வழக்கமாக ஒரு தட்டை மேலே கவிழ்த்து அழுத்திக் கால் மணியில் வடித்துவிடுவாள். அன்றைக்குக் கிட்டப் போனவர்களைக்கூடத் தொடவிடவில்லை.

"தண்ணி நின்னா க்ரீம் நீர்த்துடும். தானா சொட்டி முடியட்டும்."

"எவ்வளவு நேரம்மா?" என்றான் ரோடெல்.

"ஒரு மணி நேரம் ஆகட்டும்."

சொல்லும்போது அவள் கண் சுவர்க் கடிகாரத்துக்குப் போய்த் திரும்பியது. எனக்கு அப்போதுதான் உறைத்தது. மகனைக் கட்டிப்போட அவளுக்குக் கயிறு கிடைக்கவில்லை, வழுக்கையை எடுத்திருக்கிறாள். 'இரு' என்று ஒரு வார்த்தை சொல்லத் தெரியாத பெண், முப்பது காய்களை வைத்துக்கொண்டு அதைச் சொல்லிக்கொண்டிருந்தாள். நான் எழுந்து முன்னறைக்குப் போய் நின்றேன். அங்கே நின்றால் லெட்டோவின் முகத்தைப் பார்த்து அழுகிறேன் என்று எல்லோரும் நினைத்துக்கொள்வார்கள்.

ஒனோரா அக்காவுக்கு விஷயம் எட்டியதும் சமையல்கட்டுக்கே வந்துவிட்டாள். "சோலிங், பொணத்தை வச்சுக்கிட்டு இனிப்புக் கிண்டறியே, ஊரு சிரிக்காது?"

"சிரிக்கும்க்கா," என்று சொல்லிவிட்டு சோலிங் வழுக்கையைக் கீற்றுக் கீற்றாக நறுக்கிக்கொண்டிருந்தாள். சீஸ்கட்டியைச் சின்னச் சின்னத் துண்டாக வெட்டினாள். டின்பாலை நூல் இழையாக, மெதுவாக ஊற்றினாள். பேசினை ஃப்ரீசரில் வைத்துக் கதவைச் சாத்தும்போது ஒன்றே கால்.

"நாலு மணி நேரமாச்சும் உறையணும்," என்றாள்.

ரோடெல் கையைக் கழுவிக்கொண்டே சிரித்தான். "எனக்கு மூணு மணிக்கு பஸ்ஸும்மா."

"அடுத்ததுல போ."

"அதுக்கப்புறம் போனா நாளைக்கு வேலைக்குப் போய்ச் சேர முடியாது."

"அப்ப நாளன்னிக்குப் போ."

அவன் சிரிப்பை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தான். அவளும் பார்த்தாள். புரிந்துவிட்டது என்று நினைக்கிறேன். ஆனால் "முடியாதும்மா" என்று சொல்லிவிட்டு வெளியே போய்விட்டான்.

இரண்டரை மணிக்குப் பையைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தான். சோலிங் சவப்பெட்டிக்குப் பக்கத்துப் பெஞ்சில் இருந்தாள். சாவு வீட்டில் கிளம்புகிறவர்களை வீட்டுக்காரர்கள் வழியனுப்பக் கூடாது. வாசல் தாண்டி யாரோடும் கூடப் போகக் கூடாது. போனால், அப்படி வழியனுப்பப் போனவரும் இறந்தவர் பின்னாலேயே போய்விடுவார். எங்கள் ஊரில் இந்த ஒன்றில் மட்டும் படித்தவர் படிக்காதவர் என்ற பேதம் கிடையாது. ஒனோரா அக்கா முன்ஜாக்கிரதையாக சோலிங்கின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"இதெல்லாம் நான் நம்பறதில்ல," என்றான் ரோடெல். "ஆனா நீங்க எழுந்திரிக்க வேண்டாம்மா. உக்காந்திருங்க. வரேன்."

அவள் உட்கார்ந்திருந்தாள். அவன் முற்றத்தைக் கடந்து கேட்டை நோக்கி நடந்தான். அவ்வளவுதான், முடிந்தது, மறுபடியும் முடிந்தது என்று எனக்கு மனசு விட்டுப்போயிற்று.

சோலிங் ஒனோரா அக்காவின் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துவிட்டு எழுந்தாள். அவசரப்படாமல் நடந்து போய், வாசற்படியைத் தாண்டி ஒரு காலை வெளியே வைத்தாள்.

"சோலிங்!" என்று ஒனோரா அக்கா அலறினாள். "இந்த வீட்டுக்கு இன்னொரு சாவு கேக்குதா?"

ரோடெல் திரும்பிப் பார்த்தான். பையை அப்படியே போட்டுவிட்டு ஓடி வந்தான். சீட்டாடிக்கொண்டிருந்தவர்கள் எழுந்து நின்றுவிட்டார்கள்.

"என்னம்மா பண்றீங்க? உள்ள போங்க! வெளிய வராதீங்க!" அவன் முகம் வெளுத்திருந்தது. சபை மாறியவனுக்கு இந்தப் பயம் மட்டும் மாறவில்லை. வேறு நாளாக இருந்தால் கேலி செய்து அவனை ஒரு வழி பண்ணியிருப்பேன்.

"நீதான் நம்பமாட்டியே," என்றாள் அவள்.

"நம்பல. நீங்க வராதீங்க, அவ்வளவுதான்."

"நீ போனா நானும் பஸ்ஸு நிக்கற எடம் வரைக்கும் வருவேன். ஒம்போது வருஷத்துக்கு முன்னால இந்த வீட்டுல பொணம் கிடக்கலப்பா. யாரும் என் கையப் பிடிக்கல. கதவு தொறந்துதான் இருந்துச்சு. அன்னிக்கு நான் எழுந்திரிக்கல. இன்னிக்கு எது வந்தாலும் வரட்டும், நான் வருவேன்."

நாற்பது வருஷத்தில் அவள் இவ்வளவு சேர்ந்தாற்போல் பேசி நான் கேட்டதில்லை.

ரோடெல் குனிந்தான். படிக்கு வெளியே இருந்த அவள் பாதத்தை இரண்டு கையாலும் தூக்கி உள்ளே வைத்தான். பிறகு அவனும் உள்ளே வந்தான். செருப்பைக் கழற்றிவிட்டு, குடும்பத்தார் உட்கார்கிற பெஞ்சில், அப்பாவின் தலைமாட்டில் உட்கார்ந்தான். ஒனோரா அக்கா நெஞ்சைத் தடவிக்கொண்டே ஜெபமாலையைத் தொடங்கினாள். ரோடெல் வாயைத் திறக்கவில்லை. எழுந்து போகவும் இல்லை. நெடுஞ்சாலையில் பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனது முன்னறையில் எல்லோருக்கும் கேட்டது. ஏழு நாளாகச் சொட்டுக் கண்ணீர் விடாத சோலிங், மகன் தோளில் சாய்ந்து, அப்போதுதான் லெட்டோவுக்காக வாய்விட்டு அழுதாள்.