லிம்ஃப் என்ற சொல்லும் என் மிளகாய்த்தூளும்

போன வருசம், ஆவணி மாதம். சண்டிலிப்பாயில் எங்கள் ஊர் அம்மன் கோவில் திருவிழா முடிந்து, வீதியில் கட்டிய தோரணம்கூட இன்னும் அவிழ்க்காமல் கிடந்த நேரம். அந்த வருசமும் தேருக்குப் பின்னால் நான் அடியழித்தேன். அடியழிப்பதென்றால், பெண்கள் தேருக்குப் பின்னால் வெறுங்காலோடு ஓரடி வைத்து, விழுந்து கும்பிட்டு, எழும்பி அடுத்த அடி வைப்பது. என் வயதில் அதை முழு வீதிக்கும் செய்து முடிக்கிறவர்கள் எங்கள் ஊரில் வேறு ஒருவரும் இல்லை. இதை நானே சொல்லக்கூடாதுதான். ஆனால் வேறு யாரும் சொல்கிறார்களில்லை.

திருவிழா முடிந்து ஒரு கிழமை இருக்கும். குளித்துவிட்டுச் சேலை கட்டும்போது இடது தொடை இடுக்கில் ஒரு கட்டி கையில் தட்டுப்பட்டது. கொட்டைப்பாக்களவு. அமத்தினால் நொந்தது. பின்னேரமானால் உடம்பும் சுட்டது. காய்ச்சல் குளிசை போட்டுக்கொண்டு பேசாமல் இருந்தேன். அது யாருக்கும் காட்டக்கூடிய இடமும் இல்லை, நான் காட்டுகிற ஆளும் இல்லை.

கட்டி குறையவில்லை. கடைசியில் ஒருவருக்கும் சொல்லாமல் குடையைப் பிடித்துக்கொண்டு சந்தியில் இருக்கும் டொக்டரிடம் போனேன். அவர் தன்மையான மனிதர். சேலைக்கு மேலால் தொட்டுப் பார்த்துவிட்டு, "அம்மா, இது லிம்ஃப் நோட் வீங்கியிருக்கு" என்றார். அதற்குப் பிறகு அவர் சொன்னது ஒன்றும் என் காதில் ஏறவில்லை. எழும்பிவிட்டேன். "நில்லுங்கோ அம்மா, இன்னும் பாக்கவேணும்" என்று அவர் கூப்பிட்டது படியில் இறங்கும்போது கேட்டது. நான் திரும்பவில்லை.

ஏனென்றால் அந்தச் சொல்லை நான் முன்பே கேட்டிருக்கிறேன். எங்கள் ஒழுங்கையில் இருந்த ஒரு அக்கா புற்றுநோயில் போனா. செத்த வீட்டில் எல்லாரும் குரலைத் தாழ்த்தி, "லிம்ஃபுக்குப் போயிட்டுதாம்" என்றார்கள். சொன்னவர்கள் தலையை ஆட்டினார்கள், கேட்டவர்களும் ஆட்டினார்கள். நானும் ஆட்டினேன். லிம்ஃப் என்றால் என்னவென்று யாரும் கேட்கவில்லை. ஆளைக் கொண்டுபோகிற வருத்தத்தின் பெயர் அதுதான் என்று நான் மனதில் பதித்து வைத்திருந்தேன்.

ஆகவே வீட்டுக்கு வந்ததும் நான் அழவில்லை. போவதற்கு முன் செய்யவேண்டியதற்கு அடுக்குப் பார்க்கத் தொடங்கினேன். என் புருசன் போய்ப் பல வருசம். ஒரே மகள் கனடாவில். அவளுக்குச் சொன்னால் அவள் வேலையையும் பிள்ளைகளையும் விட்டுவிட்டு அழுதுகொண்டு பிளேன் ஏறுவாள். அன்று போனில், "ஏனம்மா, குரல் ஒரு மாதிரிக் கிடக்கு?" என்று கேட்டாள். "தடிமன், மூக்கடைப்பு" என்றேன். மரியாதையாக வாழ்ந்தேன், மரியாதையாகப் போய்விடவேண்டும், ஒருவரும் என்னைப் பாவம் பார்க்கக்கூடாது. அதுதான் என் எண்ணம்.

முதலில் ஆடு. எனக்கு ஒரு கறுத்த ஆடு நின்றது, சினை. நான் போனால் அதற்கு யார் குழை ஒடித்துப் போடுவது? வேலிக்கு அந்தப் பக்கம் என் மச்சாள் இருக்கிறாள். என் புருசனின் தங்கை. நாங்கள் இருவரும் ஒருநாளும் ஒன்றுக்கொன்று சளைத்தவர்கள் இல்லை. அவள் வீட்டு மாங்காய் புளிக்கும் என்று நான் சொல்வேன், என் வீட்டுக் கிணறு உவர் என்று அவள் சொல்வாள். ஆனாலும் அவளை விட்டால் யார்? ஆட்டைக் கயிற்றோடு பிடித்துக்கொண்டு போனேன்.

"மச்சாள், இந்த ஆட்டை இனி நீரே வைச்சிரும்."

"ஏன், கடிக்குதோ?"

"ஆடு கடிக்குமோ? எனக்குக் குழை ஒடிக்க ஏலாமல் கிடக்கு."

அவள் ஆட்டைச் சுற்றிச் சுற்றி வந்தாள். வாயைத் திறந்து பல்லைப் பார்த்தாள். "வருத்தம் ஏதும் இருக்கோ?" என்று கேட்டாள். ஆட்டுக்கு இல்லை என்று சொல்ல வாய் வந்தது. அடக்கிக்கொண்டேன்.

மிச்சம் இருந்தது என் மிளகாய்த்தூள். நான் வறுத்து இடிக்கிற தூளில் வைத்த கறிக்கு எங்கள் சொந்தத்துக்குள் ஒரு பெயர் உண்டு. கனடாவுக்கும் லண்டனுக்கும் போகிறவர்கள் என் தூள் இல்லாமல் பெட்டி கட்டுவதில்லை. அந்தப் பக்குவத்தை நான் ஒருவருக்கும் சொன்னதில்லை. என் மகளுக்கோ கடைத்தூள் போதும். அது என்னோடு மண்ணாகப் போகிறதே என்று நினைக்கத்தான் எனக்கு முதன்முதலாகக் கண்ணீர் வந்தது. அடுத்த நாள் காலை மச்சாளின் குசினிக்குப் போனேன். அவள் திருவலையில் இருந்து தேங்காய் திருவிக்கொண்டிருந்தாள்.

"மச்சாள், நான் தூள் வறுக்கிறது எப்பிடியெண்டு சொல்லித் தாறன். கவனமாய்க் கேளும்."

சொல்லத் தொடங்கினேன். எதை எப்போது போடுவது, எதை வறுக்காமல் விடுவது, சட்டியை எந்த மணத்தில் இறக்குவது, எல்லாம் சொன்னேன். (இங்கே எழுதமாட்டேன். ஒருத்திக்குச் சொன்னதே போதும்.) சொல்லி முடித்துப் பார்த்தால் அவள் கை அப்படியே நிற்கிறது. கண் நிறையத் தண்ணீர்.

"எங்கை வருத்தம்?" என்றாள்.

"ஆருக்கு?"

"கதையை மாத்தாதையும். நீர் கலியாணம் முடிச்சு வந்த நாள் துவக்கம் நான் இந்தத் தூளைக் கேட்டுக் களைச்சுப் போனன். எங்கடை அம்மா சாகக் கிடந்து கேக்கேக்கையும் நீர் சிரிச்சுப்போட்டு விட்டனீர். ஆட்டைத் தந்தீர், சரி, ஏலாதாக்கும் எண்டு விட்டன். இண்டைக்குத் தூளைச் சொல்லுறீரெண்டால் நீர் சாகப் போறீர். எங்கை வருத்தம்? சொல்லும்!"

சொன்னேன். இடத்தையும் சொன்னேன், லிம்ஃப் என்ற சொல்லையும் சொன்னேன். அவளும் அந்தச் செத்த வீட்டில் தலை ஆட்டினவள்தான். தேங்காய்ப் பாதியைக் கீழே வைத்துவிட்டு என்னைக் கட்டிப்பிடித்தாள். இருவரும் நல்லாக அழுதோம். பிறகு அவள் சேலைத் தலைப்பால் என் முகத்தையும் சேர்த்துத் துடைத்துவிட்டு எழும்பினாள்.

"அழுதது காணும். ஓட்டோவுக்குச் சொல்லுறன். ஆஸ்பத்திரிக்கு வெளிக்கிடும்."

"வேண்டாம். நான் வீட்டிலை கிடந்து..."

"சாகிறதெண்டாலும் ஒழுங்காய் ஒரு டொக்டருக்குக் காட்டிப்போட்டுச் சாவும். எழும்பும்!"

ஆஸ்பத்திரியில் எங்களைப் பார்த்தது ஒரு இளம் பெண் டொக்டர். வடமராட்சிப் பிள்ளை என்று கதைக்கிற விதத்திலேயே தெரிந்தது. என்ன செய்கிறது என்று கேட்டா. நான் மெல்லக் குனிந்து சொல்லப் பார்த்தேன். மச்சாளுக்கு அதற்குள் பொறுமை போய்விட்டது. "பிள்ளை, அவவுக்கு லிம்ஃப்!" என்று சத்தமாகச் சொன்னாள். வெளியே மர வாங்கில் வரிசையாய் இருந்த அத்தனை பேரும் எட்டிப் பார்த்தார்கள். நிலம் பிளக்காதா என்றிருந்தது எனக்கு.

டொக்டர் சிரித்துவிட்டா. "லிம்ஃப் எனக்கும் இருக்கு அம்மா."

ஐயோ, இந்த வயதிலேயா, தாய்க்குத் தெரியுமோ தெரியாது என்று என் நெஞ்சு பதறியது. முகத்தில் அது தெரிந்திருக்கவேண்டும்.

"உங்களுக்கும் இருக்கு, இந்த அம்மாவுக்கும் இருக்கு, அங்கை வாங்கிலை இருக்கிற எல்லாருக்கும் இருக்கு. வாங்கோ, முதலிலை பாப்பம்" என்று சொல்லி, திரைச்சீலையை மறைவாக இழுத்துவிட்டு, என் கூச்சம் தெரிந்து மெதுவாகக் கட்டியைத் தொட்டுப் பார்த்தா. பிறகு சொன்னா, "இனிக் காலைக் காட்டுங்கோ."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "பிள்ளை, வருத்தம் மேலை. நீங்கள் காலைக் கேக்கிறியள்?"

"காட்டுங்கோவன் அம்மா."

என் கால் வெடித்த கால். தோட்டத்துக் கால். அதை ஒரு படித்த பிள்ளைக்கு முன்னால் நீட்ட எனக்கு மனமில்லை. நான் செருப்பைக் கழற்றாமல் இருந்தேன். டொக்டர் ஒரு குட்டிக் கதிரையை இழுத்துக் கீழே இருந்து, தானே செருப்பைக் கழற்றி, என் காலைத் தூக்கித் தன் மடியில் வைத்தா. நான் பின்னுக்கு இழுத்தேன். "இழுக்காதையுங்கோ. என்ரை அம்மாவின்ரை காலும் இப்பிடித்தான்" என்றா. அதற்குப் பிறகு நான் இழுக்கவில்லை.

குதிக்காலுக்குக் கிட்ட, வெடிப்புக்குள், ஒரு கறுத்தப் புள்ளி. சுற்றிவரச் சிவந்து வீங்கியிருந்தது. அங்கிருந்து ஒரு சிவப்புக் கோடு கணுக்கால் தாண்டி மேலே ஏறியிருந்தது. நான் அதைக் கண்டதே இல்லை.

"நோகுதோ?"

"இல்லை."

டொக்டரின் முகத்தில் இருந்த சிரிப்புப் போய்விட்டது. "சீனி வருத்தம் இருக்கோ?"

"கொஞ்சம்" என்றேன்.

"கொஞ்சமோ!" என்றாள் மச்சாள். "தேத்தண்ணிக்கு மூண்டு கரண்டி போட்டுக் கலக்கிறா, பிள்ளை. குளிசையும் நினைச்ச நேரந்தான்." அந்த இடத்தில் நான் அவளைப் பார்த்த பார்வையை அவள் இன்னும் சொல்லிக் காட்டுகிறாள்.

கழுவி, மெதுவாகக் கீறி, உள்ளே இருந்து ஒன்றை எடுத்து வெள்ளைச் சீலையில் வைத்தா டொக்டர். சிரட்டைத் துண்டு. நகத்தளவுதான். தேருக்கு முன்னால் சிதறு தேங்காய் அடிப்பார்களே, அந்தச் சிரட்டை. சீனியால் கால் மரத்துப் போயிருந்ததால் அது ஏறினதும் தெரியவில்லை, உள்ளிருந்து பழுத்ததும் தெரியவில்லை.

"இன்னும் பிந்தி வந்திருந்தால் இந்தக் காலைக் காப்பாத்துறது கஷ்டமாய்ப் போயிருக்கும்" என்று டொக்டர் சொன்னபோது மச்சாள் என் கையைப் பிடித்த பிடியில் காப்பு அழுந்தியது.

"அப்ப அந்தக் கட்டி?" என்றேன்.

"வீட்டிலை நாய் நிக்குதோ அம்மா?"

"நிக்குது."

"ஆரும் படலையைத் திறந்தால் குலைக்குமெல்லோ? அதைக் கேட்டிட்டு, ஐயோ, எங்கடை வீட்டுக்கு நாய் எண்டொரு வருத்தம் வந்திட்டுது எண்டு அழுவியளோ? படலையடியிலை ஆர் நிக்கிறது எண்டெல்லோ பாக்கவேணும்?"

பிறகு விளங்கப்படுத்தினா. இரத்தத்தைப் போல லிம்ஃப் என்பதும் எல்லா உடம்பிலும் ஓடுகிற ஒரு நீர்தானாம். தமிழில் நிணநீர் என்று பெயராம். அது போகிற வழியில் கழுத்திலும் கமக்கட்டிலும் தொடை இடுக்கிலும் சின்னச் சின்னக் கணுக்கள் இருக்கின்றன. கிருமி வந்தால் அங்கேதான் மறித்துச் சண்டை பிடிக்கும். சண்டை நடக்கும்போது வீங்கும். தோட்டத்து வாய்க்காலில் வருகிற சருகும் குப்பையும் பாத்திக்குள் போகாமல் நான் கை வைத்து மறிப்பேன். அதுபோல ஒரு வேலை என்று விளங்கிக்கொண்டேன்.

"கவட்டிலை நெறி கட்டுறது எண்டு நீங்கள் கேள்விப்படேல்லையோ?" என்றா டொக்டர். "அதுதான் இது."

கேள்விப்படுவதா? அது நான் வாழ்நாள் முழுக்கச் சொன்ன சொல். என் மகள் சின்னப் பிள்ளையாக நொண்டிக்கொண்டு வந்தால், "நெறி கட்டியிருக்கு, காலிலை எங்கை புண் எண்டு பார்" என்று தேடி, மஞ்சள் அரைத்துப் பூசினவள் நான். எனக்கு நன்றாகத் தெரிந்த ஒன்று, தெரியாத பெயரில் வந்தபோது அதை நான் அடையாளம் காணவில்லை.

"அப்ப அந்த அக்காவுக்கு?" என்று மச்சாள் கேட்டாள்.

"புற்றுநோயும் அந்த வழியாலை போய் அந்தக் கணுவிலை தங்கலாம் அம்மா. அதைத்தான் அப்பிடிச் சொல்லியிருப்பினம். எல்லாக் கட்டியும் நெறியெண்டு நினைச்சு இருக்கவும் கூடாது. இந்தப் புண் மாறின பிறகு கட்டி குறைஞ்சுதோ எண்டு நான் கட்டாயம் பாப்பன். குறையாட்டில் மற்றச் சோதனை செய்யவேணும். எதெண்டாலும் ஒளிக்காதையுங்கோ."

வாட்டில் மறித்து ஊசி மருந்து ஏற்றினார்கள். சிவப்புக் கோடு இறங்கியது. காய்ச்சல் விட்டது. புண் மாற மாற, அந்தக் கட்டியும் தன் வேலை முடிந்ததென்று மெல்ல அடங்கிவிட்டது. பிறகு போய்க் காட்டியபோது டொக்டர் தொட்டுப் பார்த்து, "நாய் படுத்திட்டுது" என்றா.

வீட்டுக்கு வந்ததும் முதல் வேலையாக வேலியடிக்குப் போனேன்.

"மச்சாள், நான் சாகேல்லை. ஆட்டைத் தாரும்."

"ஏன், கடிக்குதோ?" என்றாள் அவள். தந்தது தந்ததுதானாம். நான் வாட்டில் கிடந்தபோது ஆடு இரண்டு குட்டி போட்டிருந்தது. அதில் கறுத்தக் குட்டியைப் பால் மறந்த பிறகு எனக்குக் கொண்டுவந்து விட்டாள், பெயரும் வைத்து. லிம்பி. எனக்குக் கோபம் வரவேண்டும் என்று வைத்த பெயர். வந்தது கோபமில்லை, சிரிப்பு.

ஆட்டில் ஒரு பங்காவது வந்தது. சொன்ன பக்குவத்தை எப்படித் திருப்பி வாங்குவது? தை மாதம் ஒரு கலியாண வீட்டில் மச்சாளின் தூளில் வைத்த கறியைச் சாப்பிட்டுவிட்டு என் சொந்த மருமகன் முறைக்காரன் ஒருவன், "மாமி, உங்கடை தூளைவிட இது ஒரு படி மேலை" என்றான். அவனுக்கு இனி என் வீட்டுத் தூள் இல்லை.

என் அடிக்கால் என் கண்ணுக்குத் தெரிவதில்லை. குனியவும் ஏலாது. ஆகவே டொக்டர் சொன்னபடி, பின்னேரம் தேத்தண்ணி நேரத்துக்கு மச்சாள் வந்து என் இரண்டு காலையும் மடியில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறாள். "வயல் வரம்பு மாதிரிக் கிடக்கு உம்மடை கால்" என்பாள். "பாத்தது காணும், விடும்" என்பேன். சீனியில்லாத தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டு, அவள் பார்த்து முடியும்வரை காலை இழுக்காமல் இருப்பேன்.

விடியக் காலையில் கிளுவங்குழையை ஒடித்துப் பிடித்துக்கொண்டு "லிம்பி" என்று கூப்பிட்டால் அந்தக் கறுத்தக் குட்டி துள்ளிக்கொண்டு ஓடி வருகிறது. அன்று சந்தி டொக்டர் வாயிலிருந்து வந்த அதே சொல்லுக்கு, அவர் சொல்லி முடிக்கும்வரைகூட நில்லாமல், நான் எழும்பி ஓடினேன். இப்போது விளங்காத எந்தச் சொல்லைக் கேட்டாலும் எழும்பாமல் இருந்து, "அதெண்டால் என்ன பிள்ளை?" என்று கேட்கிறேன். அப்படிக் கேட்பதில் என் மரியாதை ஒன்றும் குறையவில்லை. அன்று கேளாமல் எழும்பி வந்ததால்தான் நான் என் காலை இழக்கப் பார்த்தேன்.