சோத்து ரூம்

ராஜபாளையத்தில் தென்காசி ரோட்டில் ஒரு பஸ் நிறுத்தத்துக்குச் சோத்து ரூம் என்று பெயர். "சோத்து ரூம்லாம் எறங்கு" என்றுதான் கண்டக்டர்கள் கத்துவார்கள். ஒரு காலத்தில் அங்கே யாரோ ஊருக்குச் சோறு போட்டார்கள் என்று நினைக்க வேண்டாம். அது கார் விற்ற கடை. வெள்ளைக்காரன் காலத்தில் தெலுங்கு பேசும் மில் முதலாளி ஒருவர் கட்டியது. அவர் ஷோரூம் என்றார். ஊர் வாயில் அது சோரூம் ஆகி, சோத்து ரூம் ஆகி, அப்படியே நின்றுவிட்டது.

கட்டடம் நல்ல கட்டடம். முகப்பு, ரோடு திரும்புகிற இடத்தில் தானும் வளைந்து திரும்பும். அந்த வளைவு முழுக்க ஆள் உயரத்துக்கு மேல் கண்ணாடி. உள்ளே ஒரு தூண் கிடையாது; கூரையை இரும்பு உத்தரங்கள் தாங்கின. தரையில் கறுப்பும் வெள்ளையுமாகக் கட்டம் போட்ட கல். வாசலில் படிக்குப் பதில் சரிவு. நிலைப்படியும் இல்லை, கார் ஏற வேண்டுமே. நடுத்தரையில் பெரிய வட்டமான இரும்புத் தட்டு ஒன்று. அதன்மேல் காரை நிறுத்தி இரண்டு பேர் தள்ளினால் கார் சுற்றும். வாங்க வந்தவர் நாற்காலியை விட்டு எழுந்திருக்காமல் முன்னும் பின்னும் பார்த்துக்கொள்ளலாம். பணக்காரனுக்குக் காரைச் சுற்றி நடக்கக்கூடக் கால் வலிக்கும்.

இரண்டாம் உலகச் சண்டைக் காலத்தில் பெட்ரோல் கிடைக்காமல் வியாபாரம் படுத்தது. பிறகு பஞ்சு மூட்டை அடுக்கினார்கள். பஞ்சும் போய்ச் சும்மா கிடந்த இடத்தை, எண்பதுகளில், என் அம்மா வாடகைக்குப் பிடித்துச் சாப்பாட்டுக் கடை போட்டாள். அப்பா லாரி ஓட்டினார். வந்தால் வருவார். மில் ஷிப்டு விட்டு வருகிறவர்களுக்குப் பொங்கிப் போட்டுத்தான் அம்மா எங்களை வளர்த்தாள். பின்னால் பஞ்சு கிடந்த அறையில் குடியிருந்தோம். நிலைப்படி இல்லாதது வீடா என்று வெள்ளிக்கிழமைதோறும் வாசல் தரையில் மஞ்சளால் குறுக்கே ஒரு கோடு இழுத்துக் குங்குமம் வைப்பாள். மில்காரர்கள் அதை மிதிக்காமல் தாண்டி வருவார்கள்.

நான் மூன்றாம் வகுப்பு படித்தபோது அந்த முதலாளியின் பேரன் மெட்ராசிலிருந்து வந்தான். இடிக்கப்போகிறேன், பொங்கலுக்குள் காலி செய் என்றான். உட்காரக்கூட இல்லை, சொல்லிவிட்டுப் போய்விட்டான். அம்மாவுக்கு வேறு போக்கிடம் கிடையாது.

மாமா அப்போதுதான் யோசனை சொன்னார். அம்மாவின் அண்ணன். எந்த வேலைக்கும் போனதில்லை, மதியச் சாப்பாட்டுக்கு வராமல் இருந்ததும் இல்லை.

"ஏட்டி, பேரே சோத்து ரூம்னுதான இருக்கு. பஞ்சத்துல கஞ்சி ஊத்துன தர்மச் சத்திரம்னு மனு போட்டுருவோம். தர்மத்துக்கு விட்ட எடத்த எந்தப் பேரன் இடிப்பான்?"

"கார் வித்த எடம்னு ஊருக்கே தெரியுமேண்ணே."

"எவனுக்குத் தெரியும்? காரு வாங்குனவன் பூராம் செத்துட்டான். சோத்து ரூம்னு சொல்றவந்தான் உசுரோட இருக்கான்."

அம்மா யோசித்துவிட்டுச் சரி என்றாள். பொய்தான். வயிற்றுக்காகச் சொன்ன பொய். அதில் எனக்கு இன்றைக்கும் வெட்கம் இல்லை.

விசாரிக்க ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து ஒரு அதிகாரி வந்தார். மாமா வெளுத்த வேட்டியும் நெற்றி நிறைய விபூதியுமாக நின்றார். இரும்புத் தட்டை மறைக்க அதன் நடுவில் பெரிய அண்டாவை வைத்து, தண்ணீர் நிரப்பி, மாலை போட்டிருந்தார்.

அதிகாரி வாசலைப் பார்த்தார். "சத்திரத்துக்கு நிலைப்படி கிடையாதா?"

"பசியில வாரவன் தடுக்கி விழுந்துரப்படாதுல்ல சார்."

"இந்தச் சரிவு?"

"அண்டாவ உருட்டி ஏத்த."

அதிகாரி சிரிக்காமல் உள்ளே வந்து அண்டாவின் விளிம்பில் கையை ஊன்றினார். தட்டு நகர்ந்தது. மாலையும் தண்ணீருமாக அண்டா மெதுவாக ஒரு சுற்றுச் சுற்றியது. சாப்பிட்டுக்கொண்டிருந்த மில்காரர் ஒருவருக்குப் புரை ஏறிவிட்டது.

"இது என்னய்யா?"

"வரிசையில நிக்கிற ஏழை நடக்க வேண்டாம்னு, அண்டாவே அவிய அவிய பக்கம் வரும் சார்." மாமா கண் இமைக்கவில்லை. அதிகாரி திரும்பி, கரண்டியோடு நின்ற அம்மாவைப் பார்த்து, "இந்தம்மா யாரு?" என்றார்.

"இவ சமையலுக்கு இருக்கா சார். சத்திரத்துக்குத் தர்மகர்த்தா நாந்தான்."

அம்மா கரண்டியைச் சோற்றுச் சட்டியில் வைத்தாள்.

"சார், இது கார் வித்த கடை. இங்க சோறுன்னு ஒண்ணு வெந்தது நான் வந்த பொறவுதான். அப்படியே எழுதிக்கோங்க."

அவர் எழுதிக்கொண்டு போய்விட்டார். பொங்கலுக்கு முன்னால் நாங்கள் காலி செய்தோம். கட்டடத்தை இடித்தார்கள். சுந்தரபாண்டியத்தில் ஒரு கூரைக்கடையில் அம்மா மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தாள்.

மனு ஜெயித்திருந்தால் கட்டடம் மாமா கைக்குப் போயிருக்கும், அம்மா காலமெல்லாம் அவருக்குச் சமையல்காரியாக இருந்திருப்பாள். இது எனக்கு விளங்கப் பல வருடம் ஆயிற்று. தட்டு சுற்றியதால்தான் தோற்றோம் என்றே நான் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

அன்று அதிகாரி போனதும் மாமா எதுவும் நடக்காததுபோலத் தன் வழக்கமான இடத்தில் போய் உட்கார்ந்தார். அம்மா இலை போடவில்லை.

"ஏட்டி, பசிக்கி."

"தர்மகர்த்தா வீட்ல இருந்து அரிசி வரட்டும். சமையல்காரிதான நானு, வந்ததும் பொங்குதேன்."

மாமா எழுந்து வெளியே போனார். வெறும் வயிற்றோடு போகிறாரே என்று எனக்கு அழுகை வந்தது. இரண்டு அப்பளத்தைப் பாவாடையில் மறைத்துக்கொண்டு பின்னாலேயே ஓடி, ரோட்டில் வைத்துக் கொடுத்தேன். அங்கேயே நின்று இரண்டையும் தின்றார். "ஒனக்காச்சும் மனசு இருக்கே தாயி" என்று என் தலையைத் தடவினார். அம்மாவைவிட நான் நல்லவள் என்று அன்று முழுவதும் நினைத்துக்கொண்டிருந்தேன்.