ஆதம்பாவா மேசன் காணாதென்று சொன்ன கற்கள்

என் மூத்த பேரன் ரமணன் கனடாவில் பெரிய கட்டடங்களுக்குக் கல், கம்பி, சீமெந்து எல்லாம் எவ்வளவு வேண்டும் என்று கணக்குப் பார்க்கிற உத்தியோகத்தில் இருக்கிறான். அவனுடைய தங்கச்சி லண்டனில் கண் டொக்டர். அடுத்தவன் மெல்பேணில் விமானம் திருத்தப் படித்து, படிப்பு முடிய முன்னமே வேலையும் எடுத்துவிட்டான். கடைசி தர்சிகா தாய் தகப்பனோடு கனடாவில் இருக்கிறாள், நீச்சலில் அவளுடைய பள்ளிக்கூடத்துக்கே முதலாவது. இந்த நாலு பேரில் யாருக்கு நல்லது நடந்தாலும் நான் முதலில் சொல்வது பிள்ளையாருக்கு. அடுத்தது எங்கள் வீட்டைக் கட்டிய மூதூர் ஆதம்பாவா மேசனுக்கு.

அன்றைக்கும் அப்படித்தான். தர்சிகாவுக்குப் பல்கலைக்கழகம் கிடைத்துவிட்டது என்று விடியவே செய்தி வந்தது. மேசன் தேத்தண்ணி குடித்து முடியட்டும் என்று எட்டு மணி வரை பொறுத்துவிட்டு அவருக்குப் போன் எடுத்தேன். அவருடைய மனைவி சுபைதாதான் பேசினாள்.

"சுபைதா, மேசனிட்ட ஒருக்காக் குடு. எங்கட கடைசி கம்பஸ் எடுபட்டுட்டாள்."



"அக்கா, அவரு மௌத்தாப் போயிட்டாரு. நேத்து அஸர் தொழுகைக்குப் பிறகு அடக்கியாச்சு. உங்களுக்குச் சொல்லத்தான் தேடினன். அவரு போன்ல ஒருத்தர்ட பேரும் போட்டு வெக்கல்ல. எல்லா நம்பரும் அவர்ட தலைக்குள்ளதான் இருந்திச்சி."

சந்தோசம் சொல்ல எடுத்த போனைக் காதில் வைத்தபடி நின்றேன். முகத்தைக்கூடப் பார்க்கக் கிடைக்கவில்லை. "சாப்பிட்டியா பிள்ளை?" என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டேன்.

சம்பூரிலும் மூதூரிலும் கிண்ணியாவிலும் அவர் கட்டிய வீடுகளில் இருக்கிறவர்களே, உங்களுக்குத்தான் இதை எழுதுகிறேன். நான் ஐந்தாம் வகுப்பு மட்டும் படித்தவள். கொப்பியில் எழுதிக் கொடுக்க, பக்கத்து வீட்டு ரீச்சர் நம்முடைய ஊர்ப் பக்கத்தில் முகநூலில் போடுகிறா. பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

யுத்தத்தில் இடம்பெயர்ந்து முகாம் முகாமாக இருந்துவிட்டு நாங்கள் சம்பூருக்குத் திரும்பி வந்தபோது வளவில் கிணறு மட்டும் நின்றது. மிச்சமெல்லாம் பற்றைக்காடு. அப்போது என் வீட்டுக்காரர் உயிரோடு இருந்தார். பழைய வீடு போலவே கட்டவேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றார். கல் கணக்குப் பார்க்க மேசன் வந்தார்.

"அறை எவ்வளவு அகலம் அக்கா?"

"ஏழு பாய் விரிக்கலாம்" என்றேன்.

"உனக்கென்ன விசரே? அஞ்சு பாய்" என்றார் வீட்டுக்காரர்.

"ஏழு. உங்கட தமக்கை பிள்ளையளோட வந்து ஒரு மாசம் நிண்டது மறந்துபோச்சே?"

மேசன் சிரித்துக்கொண்டு, "சண்ட பிடிக்காம ஒரு பாயக் கொண்டாங்க" என்றார். பாயை அளந்தார். ஏழுக்கும் வேண்டாம் ஐந்துக்கும் வேண்டாம் என்று ஆறு பாய்க்குக் கணக்குப் போட்டார்.

அவர் கணக்குப் போடும் விதம் உங்களுக்குத் தெரியும். சேர்ட்டுப் பைக்குள் ஒரு நூல், கையில் நாலு தடி. கல் வந்திறங்கும் சூளையிலிருந்து கொஞ்சக் கல் எடுப்பித்து, நிலத்தில் தடியை ஊன்றி நூலை இழுத்துச் சதுரமாக ஒரு யார், அதாவது மூன்று அடி, பிடிப்பார். அதற்குள் கல்லைச் சுவரில் தெரிகிற மாதிரி அடுக்கி, இடையில் சாந்துக்கு ஒரு விரல் விட்டு, எத்தனை பிடிக்கிறது என்று எண்ணுவார். பிறகு சுவர் எத்தனை சதுர யார் என்று பெருக்கி, கதவு யன்னலுக்குக் கழித்து, உடைகிறதுக்குக் கொஞ்சம் கூட்டுவார். வேறு மேசன்மார் பார்த்தவுடனே ஒரு தொகை சொல்லுவார்கள். இவர் சொல்லமாட்டார். "சூளைக்குச் சூள கல்லு வேற அக்கா. கண்ணால பாத்துச் சொல்லுறவன் உங்கட வீட்டக் கட்டமாட்டான், அவன்ட நினைப்பக் கட்டுவான்" என்பார்.

கல் வந்து இறங்கியது. அத்திவாரம் வெட்டும்போது மண்வெட்டி எதிலோ தட்டியது. எங்கள் பழைய அத்திவாரம். சுற்றிவரக் கிண்டிப் பார்த்தால், நாலு பாய்கூடச் சரியாக விரிக்க முடியாத அறை.

நான் அந்தக் குழிக்குள் இருந்து அழுதேன். நான் பெரிய வீட்டில் வாழ்ந்தவள் என்று முகாமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேனே. மேசனும் குழிக்குள் இறங்கி எனக்கு எதிரே குந்தினார்.

"அழாதீங்க அக்கா. இவ்வளவு வருசமும் வீட்டத் தலையில வெச்சிக்கிட்டுத் திரிஞ்சிருக்கிறீங்க. அது அங்க கொஞ்சம் வளந்திட்டு. மண்ணக் கிண்டிப் பாக்காமக் கணக்குச் சொன்னது என்ட பிழ."

அவர் கணக்குப் பிழைத்தது அந்த ஒரு தடவைதான் என்று நினைத்திருந்தேன்.

பழைய அத்திவாரத்திலேயே வீட்டைக் கட்டி முடித்தோம். மிஞ்சிய கல்லை மேசன் கிணற்றடியில் வரிசையாக அடுக்கி, மேலே தகரம் போட்டு, பாரமும் வைத்தார். "இது பேரப்பிள்ளையளுக்கு ஒரு அறை கட்ட" என்றேன். "கட்டுவம்" என்றார்.

அடுத்த நோன்புப் பெருநாளைக்கு இனிப்பு வட்டிலப்பத்தோடு வந்தார். போன கிழமைதான் பிள்ளைகளின் படம் வந்திருந்தது. கண்ணாடியை மாட்டிக்கொண்டு போனைக் கிட்டப் பிடித்து, தூரப் பிடித்துப் பார்த்தார்.

"இந்தப் பொடியன் நம்மட நிலைக் கதவில தலைய இடிப்பான் போல இருக்கே. கதவ உயத்தவேணும். கதவு உயந்தாச் சுவரும் உயரும். கல்லுக் காணாது அக்கா, இன்னும் வேணும். வாற வருசம் பாப்பம்."

அதற்கடுத்த வருசம் புதுப்படம். சின்னவனும் வளர்ந்துவிட்டான். கல் காணாது. அதற்கடுத்த வருசம் கண் டொக்டருக்குக் கலியாணம் சரிவந்தது. இரண்டு பேர் படுக்கிற அறை என்றால் இன்னும் ஒரு யார் நீட்டவேண்டும். கல் காணாது. ஒவ்வொரு முறையும் தகரத்தைத் தூக்கிக் கல்லை எண்ணுவார், நூலைப் பிடிப்பார், தலையை ஆட்டுவார்.

ஒருமுறை நான் கேட்டேன். "மேசன், கதவு பெரிசானால் கல்லுக் குறையத்தானே வேணும்? கழிக்கிறதெல்லோ?"

"நல்ல காலம் அக்கா, அஞ்சாம் வகுப்போட நிப்பாட்டினீங்க. ஆறுக்குப் போயிருந்தா என்ட தொழில் போயிருக்கும்" என்றார். நானும் சேர்ந்து சிரித்தேன்.

"அடுத்த படம் கதவுக்குப் பக்கத்தில நிண்டு எடுக்கச் சொல்லுங்க. அப்பதான் உயரம் சரியாத் தெரியும்" என்று எல்லாப் பெருநாளைக்கும் சொல்லிவிட்டுத்தான் சைக்கிளில் ஏறுவார்.

பிறகு வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்தார். அந்த வருசம் நான் பிடிவாதமாக நின்றேன். கல் காணாவிட்டால் வாங்குவோம், எத்தனை என்று மட்டும் சொல்லுங்கள் என்றேன். அந்த நேரம் பார்த்து ரமணன் போன் எடுத்தான். "இந்தா, மேசனோட கதை. நீயும் இதுதானே படிச்சனீ" என்று கொடுத்தேன். மேசன் போனைக் காதில் வைத்தபடியே கிணற்றடியைத் தாண்டி வேலி வரைக்கும் நடந்து போனார். அங்கே நின்று வெகுநேரம் கதைத்தார். திரும்பி வந்து, "தம்பியும் காணாது என்டுதான் சொல்லுறாரு. புதுக் கல்லு வாங்கினா அளவு ஒத்து வராதாம். பொறுக்கட்டாம்" என்றார். கனடாவில் கொம்பியூட்டரில் பார்க்கிறவனும் மூதூரில் நூலில் பார்க்கிறவரும் ஒரே கணக்குச் சொல்கிறார்களே என்று எனக்குப் பெருமையாக இருந்தது. கோயிலடியிலும் போய்ச் சொன்னேன்.

மேசன் போய் ஒரு கிழமைக்குப் பிறகு, ஓட்டோ பிடித்து மூதூருக்குப் போனேன். சுபைதா இத்தா இருந்தாள், புருசன் போனால் வெளியே போகாமல் வீட்டுக்குள் இருக்கிற காலம் அது. பாயில் அவளுக்குப் பக்கத்தில் இருந்தேன். கதையோடு கதையாக, "மேசனும் போயிட்டார். எங்கட அறைக்கு இன்னும் எத்தினை கல்லுக் குறையுது எண்டு ஆர் இனிச் சொல்லுறது?" என்றேன்.

சுபைதா என் கையைப் பிடித்தாள்.

"கல்லுக் காணும் அக்கா. முதல் வருசமே காணும். மிஞ்சவும் மிஞ்சும் என்டு சொன்னாரு."

எனக்கு விளங்கவில்லை.

"இதே மாதிரி எத்தின அறை கட்டிக் குடுத்திருக்காரு. புள்ளையள் வெளிநாட்டில. அறைக்குப் பெயின்ட் அடிச்சி, கட்டில் போட்டு, பூட்டி வெச்சிருக்காங்க. அந்தத் தாய்மார் பூட்டின கதவுக்கு முன்னால கதிரையப் போட்டு இருக்கிறதப் பாத்துட்டு வந்தா இவருக்குச் சோறு இறங்காது. 'அக்காக்கு அது கல்லாவே இருக்கட்டும். கல்லாக் கிடக்கிற வரைக்கும் வருவாங்க என்டு இருப்பா. அறை எழும்பிட்டா வரல்ல என்டு தெரிஞ்சிரும்' என்பாரு. உங்கட பேரன்ட்டயும் அதத்தான் சொன்னவராம். வருவியா தம்பி, வந்தாக் கட்டுறன் என்டு கேட்டாராம். அந்தத் தம்பி ஒன்டும் பேசல்லயாம்."

திரும்பி வரும் வழியில் ஓட்டோக்காரப் பிள்ளை, "அம்மா, ஏதும் சுகமில்லையோ?" என்று இரண்டு தரம் கேட்டது. ஒன்றுமில்லை என்றேன்.

கோபிக்கவும் ஏலாது, கோபித்துச் சண்டை பிடிக்க மனுசன் இல்லை. நன்றி சொல்லவும் ஏலாது. ரமணன் கிழமைக்கு இரண்டு தரம் எடுக்கிறான். அவனிடம் நான் கேட்கவில்லை. கேட்டால் அவன் இன்னொருமுறை பேசாமல் நிற்பான். அதை என்னால் காதில் வாங்க முடியாது.

மேசனிடமிருந்து எனக்கென்று இருப்பது நாலு தடியும் ஒரு நூலும். போன பெருநாளைக்குத் தகரத்துக்குக் கீழே வைத்துவிட்டு, "இதக் கொண்டு திரியிறது ஏன், வாற வருசமும் வேணும்தானே" என்று விட்டுப் போனவர். நேற்று அதை எடுத்து, அவர் ஊன்றுவது போல ஊன்றி, ஒரு விரல் விட்டுக் கல்லை அடுக்கினேன். நாற்பத்தெட்டுப் பிடித்தது. அவர் சொல்கிற அதே தொகை. இனிச் சுவரை அளந்து பெருக்கினால் முடிந்தது. ஐந்தாம் வகுப்புக் கணக்குத்தான், எனக்கு வரும். கதவுக்குக் கழிக்கிற இடத்தில் வந்து நின்றுவிட்டேன். கதவின் உயரம் எனக்குத் தெரியாது. கல்லைத் திருப்பி அடுக்கித் தகரத்தால் மூடிவிட்டேன்.

ரமணன், தங்கச்சிமார், சின்னவன், நீங்கள் எல்லாரும் இந்தப் பக்கத்தைப் பார்க்கிறவர்கள் என்று ரீச்சர் சொல்கிறா. தர்சிகாவின் கம்பஸ் செய்தியோடு வந்தது போன வருசத்துப் படம். அது வேண்டாம். புதிதாக ஒன்று எடுத்துப் போடுங்கள். நாலு பேரும் ஒரு கதவுக்குப் பக்கத்தில் நின்று எடுத்ததாக இருக்கட்டும்.